கட்டுமானப் பொருட்களும் முறைகளும்: முதலாண்டு கட்டடக்கலை மாணவர்கள் சைட்டில் படிப்பது எப்படி?

பி.ஆர்க். முதலாண்டில் கட்டுமானப் பொருட்கள், கட்டுமான முறைகள் என்ற பாடம் தொடங்கியதும் மூன்று வேலைகள் உங்கள் தலையில் விழும்: பொருட்களின் மாதிரிப் பலகை, சந்தை விலை ஆய்வு, சைட் பதிவேடும் அதையொட்டிய வரைபடங்களும். மூன்றையும் செமஸ்டர் கடைசியில் பார்த்துக்கொள்ளலாம் என்று தோன்றும். தயவுசெய்து அப்படி விட்டுவிடாதீர்கள்.

பாடநூல் கல், செங்கல், சுண்ணாம்பு, சிமென்ட், மரம் என்று வரிசையாகப் போகும். சைட்டுக்கு வேறு வரிசை உண்டு, அது யாருக்காகவும் காத்திருக்காது. அஸ்திவாரக் கம்பியைக் கட்டி முடித்த மறுநாளே கான்கிரீட் கொட்டி மண்ணையும் மூடிவிடுவார்கள். கூரைத் தளத்தின் கம்பி முழுவதுமாகக் கண்ணில் படுவது கான்கிரீட் போடுவதற்கு முந்தைய சாயங்காலம் மட்டும்தான். அந்த நேரத்தைத் தவறவிட்டால் அந்தப் பாடத்தைப் பிறர் எடுத்த படத்தைப் பார்த்துத்தான் வரைய வேண்டியிருக்கும். நான் பட்ட அலைச்சல் எல்லாம் இந்தக் கால அட்டவணை தெரியாததால் வந்ததுதான். தமிழ்நாட்டில் ஒரு சாதாரண வீட்டு வேலையை மனதில் வைத்து, எதை எப்போது எப்படிப் பார்ப்பது என்று கீழே வரிசைப்படுத்தியிருக்கிறேன்.

1. முதல் வாரத்திலேயே கடிதம் வாங்கிவிடுங்கள்

கல்லூரியின் பெயர் அச்சிட்ட தாளில், துறைத் தலைவரின் கையெழுத்தும் முத்திரையும் உள்ள கடிதம் வேண்டும். அதில் குழுவில் உள்ள மாணவர்களின் பெயர், பாடத்தின் பெயர், எந்தத் தேதி முதல் எந்தத் தேதி வரை என்ற விவரம், “அளவெடுக்கவும் படமெடுக்கவும் அனுமதி கோருகிறோம்” என்ற வரி ஆகியவை இருக்க வேண்டும். பெரும்பாலான கல்லூரிகளில் ஒரே ஒரு நாளுக்குத்தான் கடிதம் தருவார்கள். செமஸ்டர் முழுவதற்கும் செல்லும்படி கேட்டு வாங்குங்கள். கையெழுத்துக்கு ஒரு வாரம் ஆகலாம் என்பதால்தான் முதல் வாரம் என்கிறேன். ஐந்து நகல் எடுத்து, அடையாள அட்டையின் நகலையும் சேர்த்து வைத்துக்கொள்ளுங்கள்.

அனுமதியை வீட்டு உரிமையாளர், ஒப்பந்தக்காரர் இருவரிடமும் கேட்க வேண்டும். உரிமையாளர் மகிழ்ச்சியோடு சம்மதிப்பார். ஆனால் அன்றாடம் சைட்டில் நிற்பவர் மேஸ்திரி. அவருக்குத் தகவல் போகாவிட்டால் வாசலிலேயே நிற்பீர்கள். வீட்டின் படங்களைச் சமூக ஊடகத்தில் போட மாட்டோம் என்று முதலிலேயே சொல்லிவிடுங்கள். தயங்குபவர்கள் பலர் அந்த ஒரு உறுதிமொழியில் இளகிவிடுவார்கள்.

2. மூன்று சைட்டுகளைப் பிடியுங்கள்

1000 சதுர அடித் தரைத்தள வீடு முடிய ஆறேழு மாதமாவது ஆகும். உங்கள் செமஸ்டரோ நான்கு மாதம். ஒரே வீட்டைப் பின்தொடர்ந்தால் பாதி பாடம் அடுத்த செமஸ்டருக்குப் போய்விடும். ஆகவே ஒன்று வானம், அதாவது அஸ்திவாரக் குழி, தோண்டும் நிலையிலும், ஒன்று சுவர் எழும்பித் தளத்தை நெருங்கும் நிலையிலும், ஒன்று பூச்சு, தரை வேலை நிலையிலும் இருக்கட்டும். முடிந்தால் அவற்றில் ஒன்று பில்லர் இல்லாமல் சுவரே பாரம் தாங்கும் வீடாக இருக்கட்டும். பில்லர் வீட்டில் எலும்புக்கூடு எழுந்த பிறகு சுவர் அடைப்பாக வருகிறது. பாரம் தாங்கும் வீட்டில் சுவர் எழுந்த பிறகுதான் தளம். இந்த வேறுபாட்டை ஒருமுறை கண்ணால் பார்த்துவிட்டால் பிறகு மறக்காது.

நாளும் பார்க்க வேண்டும். ஆடியிலும் மார்கழியிலும் மனைபூஜை போடுபவர்கள் குறைவு. ஆவணியிலும் தையிலும்தான் புதிய வேலைகள் கூட்டமாகத் தொடங்கும். ஆகவே ஜூலையில் செமஸ்டர் தொடங்கினால் அஸ்திவார சைட்டை ஆவணிக்குக் குறித்துவையுங்கள். ஆடியில் தேடி அலைய வேண்டாம். ஐப்பசி, கார்த்திகை மழையில் மண் வேலை நின்றுபோகும். அந்த வாரங்களைப் பூச்சு வேலைக்கும் கடை ஆய்வுக்கும் ஒதுக்குங்கள்.

சைட் தேட நல்ல வழி, உங்கள் பகுதியின் சிமென்ட் கடைக்காரரைக் கேட்பது. எந்தத் தெருவில் எந்த வேலை எந்த நிலையில் நிற்கிறது என்று அவருக்குத் தெரிந்த அளவுக்கு வேறு யாருக்கும் தெரியாது. பெரிய அடுக்குமாடி வேலைகளை முதலாண்டில் நான் பரிந்துரைக்க மாட்டேன். உள்ளே விடுவது கடினம். விட்டாலும் ஏதாவது ஒரு வேலையைத்தான் பார்த்துத் திரும்புவீர்கள்.

சனிக்கிழமை சாயங்காலம் சம்பள நேரம், அப்போது போகாதீர்கள். காலை எட்டரை முதல் பதினொரு மணித் தேநீர் வரை பேசுவதற்கு ஏற்ற பொழுது.

3. கையில் இருக்க வேண்டியவை

தலைக்கவசம், அடிப்பாகம் கெட்டியான ஷூ, 5 மீட்டர் டேப், சிறு ரசமட்டம், கோடில்லாத நோட்டு, பென்சில். எல்லாம் சேர்த்து 1500 முதல் 2000 ரூபாய்க்குள் முடிந்துவிடும். செருப்போடு போகவே கூடாது; கான்கிரீட்டைத் தாங்க அடிக்கும் சென்ட்ரிங் பலகைகளில் ஆணி நிமிர்ந்து நிற்கும். துப்பட்டாவை இறுக முடிந்துகொள்ளுங்கள், மிக்சர் அருகில் அது ஆபத்து. ஈர சிமென்ட் கையில் பட்டால் உடனே கழுவிவிடுங்கள், தோலை அரித்துவிடும்.

4. சைட்டின் அளவுமொழி

கல்லூரியில் எல்லாம் மில்லிமீட்டர். சைட்டில் அடியும் அங்குலமும். ஒன்பது அங்குலச் சுவர் உங்கள் வரைபடத்தில் 230 மி.மீ., நாலரை அங்குலச் சுவர் 115 மி.மீ. லிண்டல் (கதவு, ஜன்னலுக்கு மேல் வரும் கான்கிரீட் சட்டம்) ஏழு அடியில் என்றால் 2100 மி.மீ. மணலும் ஜல்லியும் யூனிட் கணக்கு. ஒரு யூனிட் 100 கன அடி, அதாவது 2.83 கன மீட்டர். கம்பி கிலோவிலும் டன்னிலும், டைல்ஸ் சதுர அடியிலும், மரம் கன அடியிலும் விற்கிறது. சைட்டில் எழுதும்போது அவர்கள் சொன்ன அளவிலேயே எழுதுங்கள், மாற்றுவதை வீட்டுக்கு வந்து செய்யுங்கள். அங்கேயே மனக்கணக்குப் போட்டால் தவறு புகுந்துவிடும்.

5. பொருட்களைக் கையால் சோதியுங்கள்

*செங்கல்.* இரண்டு கற்களை மோதினால் கணீரென்று ஒலிக்க வேண்டும். நகத்தால் கீறினால் தடம் விழக்கூடாது. ஒரு மீட்டர் உயரத்திலிருந்து மண் தரையில் விட்டால் உடையக்கூடாது. இவை சைட்டிலேயே செய்யக்கூடியவை. நீர் உறிஞ்சும் சோதனையைக் கல்லூரி ஆய்வகத்தில் செய்யுங்கள்: அடுப்பில் நன்றாக உலர்த்தி எடை பார்த்து, 24 மணி நேரம் ஊறவைத்து மீண்டும் எடை பார்க்க வேண்டும். உலர்ந்த கல் 2.9 கிலோ, ஊறியது 3.4 கிலோ என்றால் உறிஞ்சிய நீர் 0.5 கிலோ, அதாவது 17 விழுக்காடு. சாதாரண வகைக் கல்லுக்கு 20 விழுக்காடு வரை ஏற்கப்படும். சேம்பர் சூளையில் சுட்ட கல் ஒன்றும் நாட்டுச் சூளைக் கல் ஒன்றும் எடுத்து இரண்டையும் ஒப்பிடுங்கள்.

*மணல்.* இன்று பெரும்பாலான சைட்டுகளில் நீங்கள் பார்க்கப்போவது பாறையை உடைத்துச் செய்யும் எம் சாண்டும் பூச்சுக்கான பி சாண்டும்தான். கண்ணாடிக் குடுவையில் மணலும் உப்பு கலந்த நீரும் விட்டுக் குலுக்கி மூன்று மணி நேரம் வைத்தால் மேலே வண்டல் தனி அடுக்காகப் படியும். ஆற்று மணலில் அந்த அடுக்கு 8 விழுக்காட்டைத் தாண்டினால் கழித்துவிடுவது வழக்கம். இங்கே ஒரு பொறி இருக்கிறது. எம் சாண்டில் மேலே படிவது பெரும்பாலும் கல் தூள், களிமண் அல்ல. ஐஎஸ் 383 (ஐஎஸ் என்பது இந்தியத் தர நிர்ணயம்) அதற்கு எடையில் 15 விழுக்காடு வரை இடம் தருகிறது. குடுவையைப் பார்த்துவிட்டு “தரமற்ற மணல்” என்று அறிக்கையில் எழுதிவிடாதீர்கள்.

*சிமென்ட்.* மூட்டையில் வகை, ஐஎஸ் எண், தயாரான வாரம், ஆண்டு எல்லாம் அச்சாகியிருக்கும். அதைப் படமெடுங்கள். ஓபிசி (சாதாரண போர்ட்லேண்ட் சிமென்ட்) என்றால் ஐஎஸ் 269. நம் வீடுகளில் அதிகம் புழங்கும் பிபிசி (போசலானா கலந்த போர்ட்லேண்ட் சிமென்ட்) என்றால் ஐஎஸ் 1489. மூன்று மாதத்தைத் தாண்டிய மூட்டையைச் சோதிக்காமல் பயன்படுத்தக் கூடாது. உள்ளே கைவிட்டால் குளிர்ச்சியாக, கட்டியில்லாமல் இருக்க வேண்டும். தரையிலிருந்து பலகை போட்டு உயர்த்தி, சுவரை ஒட்டாமல் அடுக்கியிருக்கிறார்களா என்றும் பாருங்கள்.

*கம்பி.* ஒரு சூத்திரத்தை மனப்பாடம் செய்துகொள்ளுங்கள்: கம்பியின் விட்டத்தை மில்லிமீட்டரில் எடுத்து, அதன் வர்க்கத்தை 162ஆல் வகுத்தால் ஒரு மீட்டருக்கு எத்தனை கிலோ என்று வரும். 12 மி.மீ. கம்பிக்கு 144ஐ 162ஆல் வகுத்தால் 0.889, 12 மீட்டர் நீளக் கம்பி 10.67 கிலோ. ஒரு மீட்டர் வெட்டுத்துண்டு கேட்டு வாங்கி எடை போடுங்கள். 12 மி.மீ. கம்பியில் 5 விழுக்காடு வரை ஏறி இறங்கலாம் என்கிறது ஐஎஸ் 1786. ஆலைச் சோதனைச் சான்றிதழைக் காட்டும்படி ஒப்பந்தக்காரரைக் கேளுங்கள். அதில் உள்ள ஹீட் எண்ணும் (உருக்கிய தொகுதியின் எண்) கம்பிக் கட்டில் தொங்கும் அட்டையின் எண்ணும் ஒன்றாக இருக்க வேண்டும். சான்றிதழ் கோப்பில் இருந்தால் மட்டும் போதாது. அது இந்தக் கம்பிக்குரியதுதானா என்பதே கேள்வி.

6. வானம் முதல் லிண்டல் வரை

வானம் தோண்டிய குழியின் ஆழத்தை அளந்து, மண் அடுக்குகளின் நிறத்தை நோட்டில் வரையுங்கள். அடியில் போடும் சிமென்ட் ஜல்லிப் படுகை பெரும்பாலும் 1:4:8 (சிமென்ட், மணல், ஜல்லி). அதன்மேல் அஸ்திவாரக் கம்பி. அதற்கும் படுகைக்கும் இடையே 50 மி.மீ. கவர் பிளாக் (கம்பியைத் தூக்கி நிறுத்தும் சிறு கட்டை) இருக்க வேண்டும். பில்லருக்கு 40, தளத்துக்கு 20. இந்த மூன்று எண்களும் வாய்மொழித் தேர்வில் வந்தே தீரும்.

செங்கல் கட்டடத்தைப் பார்க்கும்போது சுவரின் நடுப்பகுதியை விடுங்கள், மூலையில் போய் நில்லுங்கள். ஒரு வரியில் கல் நீளவாக்கிலும் அடுத்த வரியில் குறுக்குவாக்கிலும் வருவது எல்லோருக்கும் தெரியும். மூலையில் குறுக்குக் கல்லை அடுத்து நீளவாக்கில் பிளந்த கல் ஒன்றைக் கொத்தனார் வைப்பார். அது இல்லாவிட்டால் செங்குத்து இணைப்புகள் ஒன்றன்மேல் ஒன்றாக வந்து சுவர் அங்கே பிளக்கும். கரணையின் விளிம்பால் ஒரே தட்டில் அவர் கல்லைப் பிளக்கும் விதத்தை அருகில் நின்று பாருங்கள். பிறகு உங்கள் வரைபடத்தில் அந்தக் கல் தானாக வந்து உட்காரும்.

கல் நனைத்ததா, இணைப்பு 10 மி.மீ. அளவில் இருக்கிறதா, தூக்குக்குண்டு எத்தனை வரிக்கு ஒருமுறை விடுகிறார்கள், ஒரே நாளில் ஒன்றரை மீட்டருக்கு மேல் ஏற்றுகிறார்களா என்று குறித்துவையுங்கள்.

7. தளம் போடும் நாள்

செமஸ்டரிலேயே முக்கியமான நாள் இது. வகுப்பு இருந்தால் முன்கூட்டியே அனுமதி வாங்குங்கள். தேதியைக் கேட்டு மேஸ்திரிக்கு முந்தைய வாரமே போன் செய்யுங்கள். மழை, கலவை ஆட்கள், மிக்சர் கிடைப்பது என்று மூன்று காரணங்களால் தேதி தள்ளிப்போகும்.

முந்தைய சாயங்காலம் போய்விடுங்கள். முட்டுகள் நேராக நிற்கின்றனவா, அடியில் பலகை இருக்கிறதா, சென்ட்ரிங் தகடுகளுக்கு எண்ணெய் பூசியிருக்கிறார்களா, மின் குழாய்களும் ஃபேன் பெட்டிகளும் பொருந்திவிட்டனவா என்று பாருங்கள். அறையின் குறுகிய பக்கமாக ஓடும் கம்பிதான் முதன்மைக் கம்பி, அது அடியில் இருக்கும். நீண்ட பக்கமாக முதன்மைக் கம்பியை வரைவது மாணவர்களின் வரைபடங்களில் தொடர்ந்து வரும் பிழை. சன்ஷேடு, பால்கனி போல வெளியே நீட்டிக்கொண்டிருக்கும் பகுதிகளில் கதை தலைகீழ்: முதன்மைக் கம்பி மேலே இருக்க வேண்டும். கான்கிரீட் போடும்போது ஆட்கள் அதை மிதித்துக் கீழே அமுக்கிவிட்டால் சன்ஷேடு என்றாவது ஒருநாள் ஒடிந்து விழும். அதனால்தான் நல்ல மேஸ்திரி, “தம்பி, கம்பி மேல் ஏறாதே, பலகை மேல் நட” என்று உங்களிடமும் குரல் உயர்த்துவார். அவர் சொல்வதைக் கேளுங்கள்.

மறுநாள் காலை ஏழு மணிக்கு வேலை தொடங்கிவிடும். நிற்பதற்கு ஏற்ற இடம் மிக்சரின் அருகில், தூசி படாத பக்கம். எம் 20 கான்கிரீட்டுக்கு (28 நாளில் சதுர மி.மீ.க்கு 20 நியூட்டன் தாங்கும் வகை) வழக்கமான விகிதம் 1:1½:3. ஒரு மூட்டை சிமென்ட்டின் கன அளவு ஏறத்தாழ 35 லிட்டர். அப்படியானால் மணல் 52 லிட்டரும் ஜல்லி 105 லிட்டரும் விழ வேண்டும். சைட்டில் பெட்டியால் அளப்பதில்லை, சட்டிக் கணக்குத்தான். ஒரு சட்டி எத்தனை லிட்டர் பிடிக்கிறது என்று தண்ணீர் ஊற்றி முதல்நாளே அளந்துவையுங்கள். பிறகு மூட்டைக்கு எத்தனை சட்டி மணல், எத்தனை சட்டி ஜல்லி என்று எண்ணுங்கள். காலையில் ஒரு கணக்கும் மதியச் சாப்பாட்டுக்குப் பிறகு வேறு கணக்கும் வருவது உண்டு. இரண்டையும் எழுதிவையுங்கள். யாரையும் குறைசொல்ல வேண்டாம், பதிவு செய்தால் போதும்.

தண்ணீரை விடாமல் கவனியுங்கள். வலுவூட்டிய எம் 20 கான்கிரீட்டுக்கு, கடுமையில்லாத சூழலில் நீருக்கும் சிமென்ட்டுக்கும் உள்ள விகிதம் 0.55ஐத் தாண்டக்கூடாது என்கிறது ஐஎஸ் 456. ஒரு மூட்டைக்கு 27.5 லிட்டர், மணலில் இருக்கும் ஈரமும் இதில் அடங்கும். கலவை எளிதாக வழிய வேண்டும் என்று குழாயைத் திறந்துவிடும் ஒவ்வொரு முறையும் அந்தத் தளத்தின் வலிமை குறைகிறது. ஒரு குடும்பம் ஆயுள் முழுவதும் அதன் கீழே உறங்கப்போகிறது என்பதால் இதை இவ்வளவு அழுத்திச் சொல்கிறேன்.

அளவுக் கணக்கு: 1000 சதுர அடி, 5 அங்குலத் தளம் என்றால் ஏறத்தாழ 417 கன அடி, அதாவது 11.8 கன மீட்டர். கன மீட்டருக்கு 8 மூட்டை வீதம் தளத்துக்கு மட்டும் 95 மூட்டை, பீம்கள் தனி. நாள் முடிவில் காலி மூட்டைகளை எண்ணி ஒப்பிடுங்கள். அறிக்கையில் இந்த ஒரு பக்கம் இருந்தாலே ஆசிரியர் நிமிர்ந்து உட்காருவார்.

கான்கிரீட்டின் வலிமையைச் சோதிக்க 150 மி.மீ. கனசதுர அச்சுகளைக் கல்லூரி ஆய்வகத்தில் கடன் வாங்கி எடுத்துப் போங்கள். மூன்று அடுக்காக நிரப்பி, அடுக்குக்கு 35 குத்து. மறுநாள் அச்சைக் கழற்றித் தண்ணீரில் போட வேண்டும். ஏழாம் நாள் மூன்று, இருபத்தெட்டாம் நாள் மூன்று என்று நசுக்கிப் பார்ப்பார்கள். செமஸ்டர் முடிய ஐந்து வாரத்துக்கு முன்பே தளம் போடும் சைட்டாகப் பார்த்துக்கொள்ளுங்கள், இல்லாவிட்டால் 28 நாள் முடிவு சமர்ப்பிக்கும் தேதிக்குப் பின்னால்தான் வரும்.

அடுத்த நாள் பாத்தி கட்டித் தண்ணீர் தேக்குவார்கள். ஓபிசிக்குக் குறைந்தது 7 நாள், பிபிசிக்கு 10 நாள், கடும் வெயில் காலத்தில் இன்னும் கூடுதல். முட்டு பிரிக்கும் காலம், ஓபிசிக்கு ஐஎஸ் 456 தரும் கணக்குப்படி: 4.5 மீட்டர் வரை இடைவெளியுள்ள தளத்துக்கு 7 நாள், அதற்கு மேல் 14 நாள். 6 மீட்டர் வரையுள்ள பீமுக்கு 14 நாள், அதற்கு மேல் 21 நாள். பிபிசி என்றால் பொறியாளர் இதைக் கூட்டிச் சொல்வார். பிரித்த அன்று போய்த் தளத்தின் அடிப்பக்கத்தைப் படமெடுங்கள். கான்கிரீட்டை அதிரவைத்து இறுக்கும் வைப்ரேட்டர் ஓடாத இடமெல்லாம் தேன்கூடு போல் பொத்தல் விழுந்திருக்கும்.

8. விலை ஆய்வு

மூன்று கடைகளில் ஒரே பொருளை, ஒரே தரத்தில், ஒரே அளவில் கேளுங்கள். “சிமென்ட் என்ன விலை?” என்று கேட்டால் ஆளுக்கொரு விலைதான் வரும். வகை, எத்தனை மூட்டை, வரி சேர்த்தா, வண்டி வாடகையும் இறக்குகூலியும் தனியா என்று நான்கு கேள்விகளையும் தாளில் அச்சிட்டுக்கொண்டு போங்கள். ஒவ்வொரு விலைக்கும் பக்கத்தில் தேதி வேண்டும்.

சீனியர்களின் அறிக்கையிலிருந்து விலையை நகலெடுப்பது உடனே பிடிபட்டுவிடும். சிமென்ட்டுக்கான ஜிஎஸ்டி 2025 செப்டம்பர் 22 முதல் 28 விழுக்காட்டிலிருந்து 18 ஆகக் குறைந்துவிட்டது. பழைய வரி உள்ள பட்டியல் ஒரு பார்வையில் தெரியும். செங்கல் விலை மழைக்காலத்தில் ஏறும், சூளை நின்றுவிடும் என்பதே காரணம். ஒரே கல்லின் விலையைச் செமஸ்டர் தொடக்கத்திலும் முடிவிலும் கேட்டால் இது உங்கள் கையெழுத்திலேயே பதிவாகிவிடும்.

மாதிரிகளைக் காசு கொடுத்து வாங்காதீர்கள். உடைந்த டைல்ஸ், வெட்டிய கிரானைட் ஓரம், ஒட்டுப்பலகைத் துண்டு எல்லாம் கடைகளில் கேட்டாலே தருவார்கள். மதிய வேளையில், கடையில் கூட்டம் இல்லாதபோது கேளுங்கள்.

9. சைட்டில் கிடைக்காத முறைகள்

சுண்ணாம்புப் பூச்சு, மரச்சட்டம், நாட்டு ஓடு ஆகியவற்றைப் பார்க்கச் சென்னையை அடுத்த முட்டுக்காட்டில் உள்ள தட்சிணசித்ராவுக்குப் போங்கள். பெயர்த்தெடுத்து மீண்டும் கட்டப்பட்ட தென்னிந்திய வீடுகள் அங்கே இருக்கின்றன, செவ்வாய்க்கிழமை விடுமுறை. அடையாள அட்டையைக் காட்டி மாணவர் கட்டணம் கேளுங்கள்.

காரைக்குடிப் பக்கம் போக முடிந்தால் ஆத்தங்குடியில் தரைக்கல் செய்வதைப் பாருங்கள். கண்ணாடித் தகட்டின் மேல் வண்ணக் கலவையை ஊற்றி, மேலே சிமென்ட்டும் மணலும் இட்டு, தண்ணீரில் ஊறவைத்து எடுக்கிறார்கள். சூளை கிடையாது. கண்ணாடியின் வழவழப்பே கல்லின் பளபளப்பு. அழுத்தி நிலைப்படுத்திய மண் கற்களுக்கு ஆரோவில் எர்த் இன்ஸ்டிடியூட் பயிற்சி நடத்துகிறது. கட்டணமும் தேதியும் முன்பே விசாரியுங்கள்.

10. சமர்ப்பிக்கும் முன்

பதிவேட்டை அன்றன்று இரவே எழுதி முடியுங்கள். படத்துக்குக் கீழே தேதி, இடம், வேலையின் நிலை, அளவுகாட்ட வைத்த டேப்பில் தெரியும் அளவு ஆகியவை இருக்க வேண்டும். கோப்பின் முன்பக்கத்தில் கல்லூரிக் கடிதமும் உரிமையாளர் அனுமதியும், அடுத்து பதிவேடு, பிறகு சோதனை முடிவுகள், விலைப் பட்டியல், கடைசியில் வரைபடங்கள். பெரிய தாள் அச்சிடும் கடைகளில் சமர்ப்பிக்கும் வாரத்தில் வரிசை நீளும், நான்கு நாள் முன்னதாகவே கொடுத்துவிடுங்கள். ஒரு பிரதி கூடுதலாக எடுத்துத் தளம் போட்ட வீட்டுக்காரரிடம் கொடுங்கள். முட்டு பிரித்த தேதி வரை எழுதியிருக்கும் அந்தக் கோப்பு அவருக்கும் தேவைப்படும். அடுத்த ஆண்டு ஜூனியர்கள் கடிதத்தோடு வரும்போது அவர் கதவைத் திறப்பார்.